வீரய்யா பேசிய ஒரே வசனம்

யார் என்ன சொன்னாலும் சரி, கண்டி மஹியாவையில் குடியிருக்கும் வீரய்யா ஒரு சினிமா நடிகர்தான். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். முப்பது வருடத்துக்கு மேல் கமராவுக்கு முன்னால் நின்ற மனிதனை நடிகர் என்று சொல்லாமல் வேறு எப்படிச் சொல்வது? மாநகர சபையின் தண்ணீர்ப் பகுதியில் பைப் பதித்ததும், உடைந்த பைப்பை ஒட்டியதும் உண்மைதான். பென்ஷன் வருவதும் அதில்தான். ஆனால் கண்டிக் கடைவீதியில் அவரை யாராவது "பைப்காரரே" என்றா கூப்பிடுகிறார்கள்? "நடிகரே" என்றுதானே கூப்பிடுகிறார்கள்! அதில் பாதி கேலி என்பது அவருக்கும் தெரியும். மீதிப் பாதி போதும் என்று திரும்பிப் பார்த்துச் சிரிப்பார்.

பிறந்தது ஹுன்னஸ்கிரியப் பக்கம், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில் ஒன்றில். அங்கே மாசியில் காமன் கூத்து ஆடுவார்கள். காமன் வேஷம் கட்ட எல்லாப் பையன்களுக்கும் ஆசை. வீரய்யாவுக்குக் கிடைத்தது பந்தம் பிடிக்கும் வேலை. அதிலும் ஒரு நல்லது இருப்பதை அந்த வயதிலேயே கண்டுபிடித்துவிட்டார். பந்தம் பிடிக்கிறவன் முகத்தில்தான் வெளிச்சம் முதலில் விழும். கையைக் கொஞ்சம் வளைத்துப் பிடித்து, கூத்துப் பார்க்க வந்த சனத்துக்கு முகத்தைக் காட்டிக்கொண்டு நிற்பார். கூத்து வாத்தியார் அடித்தொண்டையில் கத்துவார்: "டேய், வெளிச்சத்தக் காமன் மேல காட்டுடா! ஒன் மூஞ்சிய யாருடா பாக்க வந்தா?"

பெரியவனானதும் மாமா ஒருவர் கண்டிக்குக் கூட்டிவந்து மாநகர சபையில் சேர்த்துவிட்டார். மஹியாவையில் வீடு. அடுத்த தெருவில் வெற்றிலைக் கடை வைத்திருந்தவரின் மகள் ஞானேஸ்வரியைக் கட்டினார். ஞானேஸ்வரி அம்மா நல்ல மனுசி. அவர் 'இது கூடாது' என்று ஒன்றைச் சொல்லிவிட்டால் மட்டும், மாநகர முதல்வரே வந்து நின்றாலும் அது கூடாதுதான்.

சினிமா வீரய்யாவைத் தேடி வந்தது தண்ணீர் வழியாக. இந்தியாவிலிருந்து ஒரு கம்பனி பேராதனைப் பக்கம் படம் எடுக்க வந்தது. மழைக் காட்சி. வானம் பெய்யும் மழை கமராவில் விழாதாம், நாம் பெய்விக்கும் மழைதான் விழுமாம். அதற்குத் தண்ணீர் பவுசர் லொறியோடு அனுப்பப்பட்டவர் வீரய்யா. குழாயைப் பிடித்துக்கொண்டிருந்தவரை ஒருவர் உற்றுப் பார்த்து, "குடை பிடிச்சிட்டுப் போக ஒரு ஆளு வரல, நீங்க நடக்குறீங்களா?" என்று கேட்டார். வீரய்யா பவுசரை டிரைவரிடம் விட்டுவிட்டு நடந்தார். அன்றைக்குப் பிடித்த பைத்தியம் இன்னும் விடவில்லை.

அதன் பிறகு படங்களுக்கு ஆள் பிடித்துக் கொடுத்தது பிலிமத்தலாவை ஊர்க்காரர் முஹைதீன். கலியாணத்துக்குக் கதிரையும் கூடாரமும் வாடகைக்குக் கொடுக்கிறவர். படக் கம்பனிகள் அவரிடம் கதிரை எடுத்தன. கதிரையோடு, அதில் உட்கார ஆளும் வேண்டும் என்றன. முஹைதீன் இரண்டையும் ஒரே லொறியில் ஏற்றி அனுப்பத் தொடங்கினார். அந்த லொறியில் ஏறி வீரய்யா போலீஸ்காரரானார், தபால்காரரானார், கோயில் ஐயரானார், நாடியைப் பிடித்துப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போகும் டாக்டரானார். எதிலும் ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசுகிற வேஷமெல்லாம் இந்தியாவிலிருந்தே வந்துவிடும்.

ஒரு தடவை, தன் முகம் நன்றாக விழுந்திருக்கிறது என்று நம்பி, வீட்டார், சொந்தக்காரர், பக்கத்து வீட்டார் எல்லோரையும் தியேட்டருக்குக் கூட்டிப்போனார். படத்தில் அவருடைய முழங்கை வந்தது. முழங்கை மட்டும் வந்தது. தியேட்டர் இருட்டில் ஞானேஸ்வரி அம்மா, "ஏங்க, அந்தக் கை நம்ம கை மாதிரி இருக்கே" என்று கேட்ட பிறகுதான் மற்றவர்களுக்கே தெரிந்தது. அதற்குப் பின் வீட்டில் சண்டை வந்தால் அவர் பெயர் முழங்கை நடிகர்.

வீரய்யா கோபிக்கவில்லை. ஆனால் ஓர் ஆசை மட்டும் உள்ளே கிடந்தது. கண்ணை மூடுவதற்குள் ஒரு படத்தில் வாயைத் திறந்து ஒரு வசனம் பேசிவிட வேண்டும். நீளமாக வேண்டாம், ஒரு வரி போதும்.

பென்ஷனுக்கு வந்து கொஞ்ச காலத்தில் முஹைதீனிடமிருந்து போன் வந்தது. அவர் இவரை 'அண்ணே' என்பார்; இவர் அவரை 'நானா' என்பார், முஸ்லிம் வீடுகளில் அண்ணனுக்கு அதுதான் சொல்.

"வீரய்யாண்ணே, உக்காந்துக்கிட்டா ஈக்கிறீங்க? நிண்டா உக்காருங்க."

"என்னா நானா, சொல்லுங்க."

"வாயத் தொறக்கிற வேஷம் ஒண்டு ஈக்கிது. உங்களுக்குத்தான் செல்லி வச்சேன். ஒத்தருக்கும் செல்லாதீங்க, பெறகு எல்லாருமா லொறியில ஏறிருவாங்க."

சென்னையிலிருந்து இளமாறன் என்ற இயக்குனர் வந்திருந்தார். பேசும் படம் தொடங்கிய காலத்தில் நடித்த கோவிலூர் சிங்காரம் என்பவரின் வாழ்க்கையைப் படமாக எடுக்கிறார். பழைய சென்னை வீடுகளெல்லாம் இடிந்துபோனதால், பேராதனைப் பக்கத்துப் பழைய பங்களா ஒன்றைச் சென்னையாக மாற்றியிருந்தார்கள். அங்கே மாமரத்தடியில் வீரய்யாவை உட்காரவைத்து, தேத்தண்ணி கொடுத்து, சிங்காரத்தின் கதையை இளமாறன் சொன்னார்.

சிங்காரம் தெருக்கூத்தில் வளர்ந்த ஆள். மைக் இல்லாமல் கடைசி வரிசைக்குக் கேட்கிற குரல். கமராவுக்கு முன்னால் நின்றால் ஆயுள் குறையும் என்று மற்ற கூத்துக்காரர்கள் பயந்த நாளில், துணிந்து முதலில் போய் நின்றவர்களில் அவரும் ஒருவர். முதல் நாள் வழக்கம்போலக் கத்தினார். சத்தம் பதிவு செய்கிறவர் காதைப் பிடித்துக்கொண்டு வெளியே ஓடினார். மைக்கைப் பூச்சட்டிக்குள் ஒளித்து வைத்திருந்த காலம் அது. இரண்டாம் நாள் சிங்காரம் அந்தப் பூச்சட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, வீட்டில் பெண்டாட்டியோடு பேசுகிற மாதிரி மெதுவாகப் பேசினார். கூட நடித்தவர்கள் சிரித்தார்கள். படம் ஓடியபோது கொட்டகையில் சனமெல்லாம் முன்னால் குனிந்து கேட்டது.

"எல்லாரும் கத்திப் பேசின காலத்துல மெதுவா பேசிக் காட்டினவர் அவருங்கய்யா," என்றார் இளமாறன். "அப்புறம் எல்லாரும் அப்படிப் பேசக் கத்துக்கிட்டாங்க. இவரைக் கூப்பிட ஆள் இல்லாமப் போச்சு. ஆனா இவருக்கு மேக்கப் போட்ட பொன்னுரங்கம்னு ஒருத்தர், படம் இல்லாத நாள்லயும் தினம் வருவார். கொஞ்சம் பவுடர் பூசிவிடுவார், பேசிட்டிருப்பார், 'போயிட்டு வர்றேங்கய்யா'ன்னு சொல்லிட்டுப் போவார். சிங்காரம் செத்த அன்னைக்கும் வந்தார். அந்தப் பொன்னுரங்கம் நீங்கதான்."

"நான் என்னா பேசணும் சேர்?"

"அதேதான். உடம்புகிட்ட வந்து நின்னு, 'போயிட்டு வர்றேங்கய்யா'. அவ்வளவுதான். மெதுவா."

வீரய்யா தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார். நெஞ்சு நிறைந்த சந்தோசம். அந்தச் சந்தோசத்துக்கு அடியில் ஏதோ ஒன்று முள்ளாகக் குத்தியது. அது என்னவென்று பஸ்ஸில் வரும்போது பிடிபட்டது. செத்த வீட்டில் 'போயிட்டு வாறேன்' என்று சொல்லலாமா? எந்தத் தமிழனாவது சொல்வானா? இன்னொரு சாவுக்கு வருவேன் என்று சொன்ன மாதிரி ஆகிவிடாதா? மஹியாவையில் நடந்த சாவு ஒன்றுக்கும் வீரய்யா போகாமல் இருந்ததில்லை. வாயைத் திறக்காமல் எழும்பி, தலையை மட்டும் அசைத்துவிட்டு வெளியேறுவதில் அவருக்கு ஊரிலேயே நல்ல பெயர். சின்ன வயதில் ஒரு சித்தப்பா வாய் தவறிச் சொல்லிவிட்டதற்கு, தோட்டமே திரண்டு அவரை ஏசியது இன்னும் காதில் இருக்கிறது.

ஞானேஸ்வரி அம்மாவிடம் ஒரு வசனம் கிடைத்திருக்கிறது என்று மட்டும் சொன்னார். என்ன வசனம் என்பதை விழுங்கிவிட்டார். வீட்டுக்குப் பின்னால் இருக்கும் பலாமரத்தைச் சிங்காரமாக நினைத்து, அதற்கு முன்னால் நின்று பழகினார்.

"போயிட்டு வர்றேங்கய்யா."

குசினிக்குள்ளிருந்து ஞானேஸ்வரி அம்மாவின் குரல் வந்தது: "போறதுதான் போறீங்க, ஒரு தேங்காயும் வாங்கிட்டு வாங்க!"

மறுக்க முடியுமா? போய் வாங்கி வந்தார். அடுத்த நாளும் பழகினார், அடுத்த நாளும் தேங்காய். வீட்டில் தேங்காய் குவிந்தது. வசனமோ வெண்ணெய் மாதிரி வழுக்கிக்கொண்டு வந்தது. பலாமரத்திடம் தடங்கல் இல்லை. பிறகென்ன பயம் என்று இருந்தார்.

படப்பிடிப்பு அன்று காலையில் முஹைதீன் லொறியோடு வீட்டுக்கே வந்து, ஞானேஸ்வரி அம்மாவைப் பார்த்துக் கையைப் பிசைந்தார்.

"அக்கா, ஒப்பாரிக்கு வாரேண்டு செல்லின பொம்புளைக்குக் காச்சலாம். நீங்க வந்து ஒரு பக்கமா இருந்தாப் போதும். அழவும் தேவல்ல."

"நான் தலைய விரிக்க மாட்டேன். பொட்டையும் அழிக்க மாட்டேன்."

"ஒண்டும் செய்ய வேணாம். மூலையில இருங்க."

"பகல் சாப்பாடு?"

"சோறு, பருப்பு, கத்தரிக்காய். உங்களுக்கு மீனு வேறயா எடுக்கிறேன்."

ஞானேஸ்வரி அம்மா லொறியில் ஏறினார். வீரய்யா அவசரமாக அவருக்குப் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தார். வசனம் இன்னதென்று சொல்லிவிடலாமா என்று வாயெடுத்தார், அதற்குள் லொறி கடுகண்ணாவைப் பக்கம் போகிற பஸ்களுக்கு நடுவே ஹோர்ன் அடித்துக்கொண்டு பறந்தது. சொல்லவில்லை.

பங்களாவின் முன் அறையைச் செத்த வீடாக மாற்றியிருந்தார்கள். சும்மா சொல்லக்கூடாது, அப்படியே செத்த வீடுதான். சிங்காரமாக நடிக்கும் சென்னை நடிகர் வெள்ளை வேட்டியில், நெற்றி நிறையத் திருநீற்றோடு நீட்டிக் கிடந்தார். தலைமாட்டில் குத்துவிளக்கு, ஊதுபத்திப் புகை, சுற்றிப் பெண்கள். அதில் மூலையில், பொட்டு அழியாமல், ஞானேஸ்வரி அம்மா.

வீரய்யாவுக்குப் பழைய கோட்டும் தோளில் ஒரு துண்டும் போட்டு, கையில் மேக்கப் பெட்டி கொடுத்தார்கள். "அக்ஷன்" என்றார்கள். வந்தார். உடம்புக்குப் பக்கத்தில் நின்றார். தலையை மெதுவாக அசைத்தார். போய்விட்டார்.

"ஐயா, வசனம்?"

"மறந்துட்டேன் சேர். மன்னிச்சுக்குங்க."

மறுபடியும் வந்தார். "போயிட்டு..." என்று தொடங்கியதும் மூலையில் ஞானேஸ்வரி அம்மாவின் கண் பெரிதாக விரிவது தெரிந்தது. மீதியைச் சொல்லாமல் தலையை மட்டும் அசைத்துவிட்டுத் திரும்பினார். அடுத்த தடவை, "போயிட்டு" என்று அந்த ஒரு சொல்லை மட்டும் சொல்லிவிட்டு உண்மையாகவே போயிட்டார். வாசலைத் தாண்டி, முற்றத்தைத் தாண்டி, லொறி வரைக்கும். இந்தப் பக்கம் எல்லோரும் வாய்விட்டுச் சிரித்தார்கள். செத்துக் கிடந்த சிங்காரத்தின் வயிறும் குலுங்கியது.

இளமாறன் சிரித்தாலும் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "டீ குடிச்சிட்டு இன்னொரு தடவை பாப்போம். வரலன்னா அந்தத் தம்பியைப் பேச வெச்சிருவோம்," என்று உதவியாளரிடம் சொன்னது வீரய்யாவின் காதில் விழுந்தது. அந்தத் தம்பி ஜனார்த்தனன், அன்று கூட்டத்தில் நிற்க வந்தவன், கண்டியில் ஒரு பேங்கில் கிளார்க். கோயில் திருவிழாவில் அறிவிப்புச் செய்கிற குரல். அவன் அப்போதே தூணுக்குப் பின்னால் நின்று, "போயிட்டு வர்றேங்கய்யா" என்று பழகத் தொடங்கியிருந்தான். நன்றாகவும் சொன்னான். அதுதான் வீரய்யாவுக்குத் தாங்கவில்லை.

முஹைதீன் பக்கத்தில் வந்து தோளைத் தொட்டார். "அண்ணே, செல்லிட்டுப் போங்களே. அந்த மனுசன் மவ்த்தாகவா ஈக்கிறாரு? அங்க பாருங்க, உயிரோட பிஸ்கட் தின்றாரு."

"தெரியுது நானா. எனக்குத் தெரியுது, என் வாய்க்குத் தெரிய மாட்டேங்குதே."

அதற்குள் ஞானேஸ்வரி அம்மா சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு வந்துவிட்டார்.

"என்னாங்க, இதா உங்க வசனம்? செத்த வீட்டுல நின்னுகிட்டு வாறேன்னு சொல்லவா இத்தன நாளு பழகினீங்க? அப்ப பலாமரத்துக்கிட்ட சொன்னதெல்லாம் இதுதானா?"

"ம்."

"நான் தேங்காயா வாங்கச் சொன்னேனே!"

"நானும் வாங்கித்தானே தந்தேன்."

ஞானேஸ்வரி அம்மா அவரோடு நிற்கவில்லை. நேரே இளமாறனிடம் போனார். "தம்பி, நீங்களும் தமிழ் ஆளுதானே? அத செத்த வீட்டுல சொல்லக்கூடாதுன்னு உங்கம்மா சொல்லித் தரலியா?"

இளமாறன் எழுந்து நின்றார். "சொல்லித் தந்திருக்காங்கம்மா. எங்க ஊர்லயும் சொல்லமாட்டோம். சொல்லக்கூடாதுன்னு தெரிஞ்சுதான் அந்தாளு சொல்றாரு. தினம் சொல்லிட்டுப் போனவர். அன்னைக்கு மட்டும் சொல்லாமப் போனா, அவர் செத்துட்டார்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிருமே."

"அந்த மனுசனுக்கு வீட்டுல ஒருத்தரும் இல்லியா, அப்பிடிச் சொல்லாதய்யான்னு புடிச்சு இழுக்க?"

"இல்லம்மா. அவருக்கு சிங்காரம் மட்டும்தான்."

ஜனார்த்தனன் தூணுக்குப் பின்னால் மறுபடியும் பழகியது கேட்டது. ஞானேஸ்வரி அம்மா அந்தப் பக்கம் ஒரு பார்வை பார்த்தார்.

"அந்தப் பொடியன் எதுக்கு அதச் சொல்லிக்கிட்டு இருக்கான்?"

"இவருக்கு வரலன்னா அவனைச் சொல்ல வெக்கலாம்னு..."

"அதெல்லாம் வேணாம். இவரே சொல்லுவாரு. ஆனா கூடாதது கூடாததுதான், நான் கேக்க மாட்டேன். காதப் பொத்திக்குவேன். அதுக்கு நீங்க ஒண்ணும் சொல்லக்கூடாது."

"நல்லா பொத்திக்குங்கம்மா," என்றார் இளமாறன்.

மறுபடியும் விளக்கு, புகை, பெண்கள். வீரய்யா பெட்டியோடு வந்து நின்றார். மூலையில் ஞானேஸ்வரி அம்மா இரண்டு கையாலும் காதை இறுக்கிப் பொத்தி, தலையைக் குனிந்துகொண்டார். பார்க்கிறவர்களுக்கு, துக்கம் தாங்காமல் தலையைப் பிடித்துக்கொண்ட மாதிரி இருந்தது. அவர் பார்க்காதது ஒரு தைரியம். ஆனாலும் வாய் திறக்கவில்லை. ஜனார்த்தனனுக்கு அந்த வரி போகப் போகிறது என்று நினைத்துக்கொண்டே வீரய்யா குனிந்து உடம்பைப் பார்த்தார்.

நெற்றியில் வியர்வை. பெரிய லைட்டுகளின் சூட்டில் திருநீற்றுக்கு நடுவே பொட்டுப் பொட்டாக வியர்த்திருந்தது. மேக்கப்காரன் பார்த்துக்கொண்டு நிற்பானா? வீரய்யாவின் கை தன்பாட்டில் தோள் துண்டை எடுத்தது. திருநீறு அழியாமல் மெல்ல ஒற்றியது. அந்த நெற்றி சூடாக இருந்தது. உள்ளே ஒரு உயிர் இருக்கிற சூடு. இவருக்குத்தானே தினமும் பவுடர் பூசுகிறோம், நாளைக்கும் வரவேண்டுமே என்று ஒரு நினைப்பு வந்தது. அது வீரய்யாவின் நினைப்பா, பொன்னுரங்கத்தின் நினைப்பா என்று அவருக்கே இன்றைக்கும் சொல்லத் தெரியாது.

"போயிட்டு வர்றேங்கய்யா," என்றார்.

பக்கத்தில் இருக்கிறவருக்கு மட்டும் கேட்கிற அளவுக்குத்தான் சொன்னார். துண்டைத் தோளில் போட்டார். பெட்டியை எடுத்துக்கொண்டு, அவசரப்படாமல் வெளியே போனார்.

பிறகு இளமாறன் "ஓகே" என்றார். கத்திச் சொல்கிறவர், அதையும் மெதுவாகச் சொன்னார். ஒப்பாரிப் பெண்களில் ஒருத்தி நிஜமாகவே அழுதுகொண்டிருந்தாள். ஜனார்த்தனன் ஓடிவந்து கையைப் பிடித்து, "அங்கிள், எனக்கு இப்பிடி வந்திருக்காது" என்றான். முஹைதீன் முற்றத்தில் நின்று யாருக்கோ போனில், "பேசிட்டாரு! எங்கட ஆளு பேசிட்டாரு!" என்று ஊரைக் கூட்டினார். காதைப் பொத்திய கையை எடுக்கலாம் என்று ஞானேஸ்வரி அம்மாவுக்கு யாரோ தொட்டுச் சொல்லவேண்டியிருந்தது.

பொழுது சாயும்போது லொறி மஹியாவையில் இறக்கிவிட்டது. வீரய்யா வாசற்படியில் கால் வைக்கப் போனார்.

"எங்க போறீங்க? செத்த வீட்டுக்குப் போயிட்டு வந்து குளிக்காம உள்ளயா? பைப்படிக்குப் போங்க."

"அது நடிப்புதானே."

"நடிப்போ என்னமோ. வெளக்கு எரிஞ்சிச்சா இல்லியா?"

அதற்கு மேல் பேசிப் பயனில்லை. பைப்படியில் வேட்டியோடு குந்தினார். கண்டிக் குளிர் முதுகில் ஏறியது. நடுங்கினாலும் வாயில் சிரிப்பு நிற்கவில்லை. ஞானேஸ்வரி அம்மா தண்ணீர் சுடவைத்து, மஞ்சள் கரைத்துக் கொண்டுவந்தார். ஒரு வாளி ஊற்றினார். இரண்டாவது வாளியைத் தூக்கியவர், ஊற்றாமல் நின்றார்.

"எல்லாரும் அப்பிடி அழுதாளுங்களாமே."

"ஒருத்திதான்."

"முஹைதீன் நானாவும் கேட்டாராம். அந்த பேங்க் பொடியனும் கேட்டானாம். லைட்டு புடிச்ச சிங்களப் பொடியனுங்க கூடக் கேட்டானுங்களாம். இத்தன வருசமா முழங்கைய பாத்துக்கிட்டு இருந்த நான்தான் கேக்கல."

"நீதானே காதப் பொத்திக்கிட்ட?"

"கூடாததுக்குப் பொத்தத்தானே வேணும்?" வாளியை அப்படியே கீழே வைத்தார். அக்கம்பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "இது செத்த வீடு இல்லியே. இங்க சொல்லலாம். சொல்லுங்க பாப்போம்."

வீரய்யா எழும்பி நின்றார். தலையிலிருந்து மஞ்சள் தண்ணீர் சொட்டியது. முகத்தை வழித்துவிட்டு, அந்த அறையில் சொன்ன மாதிரியே, கிட்ட நிற்கிறவருக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னார்.

ஞானேஸ்வரி அம்மா நன்றாக இருக்கிறது என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"இன்னொருக்கா சொல்லுங்க," என்றார். "தண்ணி ஆறிப்போகும், கெதியா."